கைகள் தெரியாத நான்கு நிமிடம்

இடது கையின் மூன்று விரல்கள் விசைப்பலகையின் மேல் அசையாமல் நிற்கின்றன. வலது கை மவுஸைக் கொஞ்சம் நகர்த்துகிறது, நிறுத்துகிறது, மறுபடி பின்னுக்கு இழுக்கிறது. திரையில் ஊசி தோலுக்குள் இறங்குகிறது. ஒரு ஃபிரேம் முன்னால் வெட்டினால் ஊசி அந்தரத்தில் தொங்கும். ஒரு ஃபிரேம் தள்ளி வெட்டினால் நூல் ஏற்கெனவே இழுபட்டிருக்கும். இரண்டுக்கும் நடுவில் ஓர் இடம் இருக்கிறது. விரல்கள் அதைத் தேடிக்கொண்டே இருக்கின்றன. கிடைத்ததும் சுண்டுவிரல் ஒரு விசையைத் தட்டுகிறது. வெட்டு விழுகிறது.

அஃப்ஸர் ஜஹான் டீ கிளாஸை மேசையில் வைக்க வந்தவள், திரையைப் பார்த்தபடியே நின்றாள்.

"இன்னாடி இது, முத்துமாரி கைதானே?"

புஷ்ராவின் விரல்கள் விசைகளின் மேலேயே நின்றுவிட்டன.

"யாரு கை பாபி?"

"முத்துமாரி. ரயில்வே பாலத்துக்கு அந்தாண்ட இருக்குதே, அந்தப் பொண்ணு. மாமியாரப் பாத்துக்க ஆளில்லன்னு கம்பெனிய விட்டு நின்னுடுச்சே, அது."

"மூஞ்சியே காட்டலையே."

"மூஞ்சி எதுக்கு? லெஃப்ட் ஹேண்டுல தைக்கிறா பாரு. தையல் எந்தப் பக்கம் சாயுது? எல்லாருக்கும் இப்படிச் சாஞ்சா இவளுக்கு அப்படிச் சாயும். மூணு வருஷம் எனக்கு எதிர்ல ஒக்காந்து தைச்சவ. எனக்குத் தெரியாதா?"

அஃப்ஸர் ஜஹான் புஷ்ராவின் அண்ணன் மனைவி. ஷூ கம்பெனியில் பதினோரு வருஷம் செக்கிங் மேசையில் இருந்தவள். ஒரு தையல் தப்பினாலும் பீஸைத் திருப்பி அனுப்பியவள். அவளுக்கு அடையாளம் காண பத்து நொடிகூட ஆகவில்லை.

மணி பதினொன்றே கால். நாலு இருபதுக்கு ஆம்பூர் ஸ்டேஷனில் ரெண்டு நிமிஷம் நிற்கிற ரயிலில் தொழிற்சங்கத்து டேனியல் வருகிறார். படம் ஏற்றிய ஹார்ட் டிஸ்கை ஜன்னல் வழியாக அவர் கையில் கொடுத்தாக வேண்டும். பெரிய ஃபைல். வீட்டு இன்டர்நெட்டில் அனுப்பினால் விடிந்துவிடும். மறுநாள் காலை வேலூரில் படம் திரையிடப்படுகிறது. பார்க்கப்போகிறவர்கள் ஷூ வாங்கும் வெளிநாட்டுக் கம்பெனிகளின் ஆட்கள், உள்ளூர் கம்பெனி மேனேஜர்கள், சங்கத்துக்காரர்கள். வீட்டுப் பெண்களுக்குத் தைக்கக் கொடுத்து வாங்கும் ஏஜென்ட்களும் பின்வரிசையில் இருப்பார்கள்.

தன் பெயரும் முகமும் வராது என்று புஷ்ரா கொடுத்த வாக்கை நம்பித்தான் முத்துமாரி கேமராவுக்கு முன்னால் உட்கார்ந்தாள். நாளைக் காலை அந்த வாக்கு போய்விடும். அதோடு முத்துமாரியின் பிழைப்பும்.

புஷ்ராவுக்கு நாற்பத்திரண்டு வயது. கேமரா பிடிக்கக் கற்றது கல்யாண மண்டபங்களில். அண்ணன் வாஹித் பாஷா பஜாரில் ஸ்டுடியோ வைத்திருந்தார். நிக்காஹ் நடக்கும் இடத்தில் பெண்கள் பக்கம் ஆண்கள் கேமராவோடு போக முடியாது. ஒரு நாள் அவர் தங்கையின் கையில் கேமராவைக் கொடுத்து, "ஆன் பண்ணு, ஆட்டாத, அவ்ளோதான்" என்று சொல்லி உள்ளே அனுப்பிவிட்டார். மீதியைப் புஷ்ரா கெடுத்துக் கெடுத்துத்தான் கற்றுக்கொண்டாள். விளக்குக்கு எதிரே நின்று எடுத்தாள். எல்லோரும் கரிக்கட்டையாகத் தெரிந்தார்கள். எடிட்டிங் கற்க ஒரே கல்யாணத்தை நாலு தடவை வெட்டினாள். நாலாவதுதான் பார்க்கிற மாதிரி இருந்தது.

பெண்கள் பக்கத்து வீடியோவுக்கு இரண்டு கட்டுப்பாடுகள். வேண்டாம் என்று சொன்னவர்களின் முகம் அதில் வரக்கூடாது. வேலை முடிந்ததும் கேமராவில் இருந்த கார்டைப் பெண்ணின் அம்மா கையில் கொடுத்துவிட வேண்டும், ஸ்டுடியோவில் ஒரு காப்பிகூட இருக்கக் கூடாது. முகத்தைக் காட்டாமல் மூன்று மணி நேரத்தை எப்படி நிரப்புவது? புஷ்ரா கைகளை எடுத்தாள். மருதாணிக் கை, வளையல் அடுக்கும் கை, பெண்ணின் தலையில் தாவணியைச் சரிசெய்யும் கை. கையைக் காட்டினால் யாரும் கோபித்துக்கொண்டதில்லை. பதினைந்து வருஷத்தில் அது அவளுக்குள் ஒரு சட்டம் மாதிரி இறங்கிவிட்டது. கைக்கு முகம் கிடையாது.

மண்டப வாசலில் கழற்றிப் போட்ட செருப்பும் ஷூவும் ஒரு நாள் அவள் கேமராவில் விழுந்தன. முந்நூறு ஜோடி இருக்கும். இதையெல்லாம் யார் செய்திருப்பார்கள் என்ற யோசனை அன்றிலிருந்து விடவில்லை. ஒரு பொருளை எடுத்துக்கொண்டு அது வந்த வழியே திரும்பிப் போவது என்று வைத்துக்கொண்டாள். குடியாத்தத்து லுங்கியைப் பற்றி ஒரு படம், தீப்பெட்டியைப் பற்றி ஒன்று. பள்ளிக்கூடங்களிலும் சங்க அலுவலகங்களிலும் போட்டார்கள். இது மூன்றாவது. கடை அலமாரியில் இருக்கும் ஓர் இடது கால் ஷூவில் தொடங்கி, பேக்கிங், தையல், தோல் பதனிடும் ஷாப் என்று பின்னாலேயே போய் ஆட்டுச் சந்தையில் முடிகிற படம். அதில் கம்பெனிகள் எங்கும் சொல்லாத ஒன்று உண்டு. ஷூவின் மேல்பாகத்தை, ஊரில் எல்லோரும் சொல்கிற அப்பரை, கம்பெனிக்கு வெளியே வீடுகளில் உட்கார்ந்து பெண்கள் கையால் தைக்கிறார்கள். அந்த நான்கு நிமிடம்தான் முத்துமாரியின் கைகள்.

"எடுத்துடு அதை" என்றாள் அஃப்ஸர் ஜஹான்.

"எடுத்தா, எல்லாம் கம்பெனிக்குள்ளயே தைக்கிறாங்கன்னு ஆயிடும் பாபி. அவங்க சொல்ற பொய்ய நானும் சொன்ன மாதிரி."

"அப்போ மங்கலாக்கு."

மங்கலாக்கிப் பார்த்தாள். தையலும் சேர்ந்து போயிற்று. பிறகு ஒன்று தோன்றியது. படத்தை இடம் வலமாகத் திருப்பிப் போட்டால் இடது கைக்காரி வலது கைக்காரியாகிவிடுவாள். எடுத்ததை இப்படி மாற்றுகிற வழக்கம் அவளுக்கு இல்லை. பிடிக்காமலேதான் திருப்பினாள்.

அஃப்ஸர் ஜஹான் குனிந்து பார்த்துவிட்டுச் சிரித்தாள். "கை ரைட் ஆயிடுச்சு. ஷூவும் ரைட் கால் ஆயிடுச்சே! படம் முழுக்க லெஃப்ட் ஷூ சுத்திட்டு வருது, நடுவுல நாலு நிமிஷம் மட்டும் ரைட்டா? ஆம்பூர்ல இத சின்னக் கொழந்தகூட கண்டுபுடிக்கும். அந்த சைஸ் நம்பரப் பாரு, கண்ணாடில படிக்கிற மாதிரி இருக்கு."

புஷ்ரா அந்த நான்கு நிமிடத்தை லேப்டாப்பில் ஏற்றி, அதைப் பையில் வைத்தாள். மைக், ஹெட்ஃபோன், முத்துமாரி வீட்டில் படம்பிடித்த கார்டு எல்லாம் அந்தப் பையில்தான் இருந்தன.

"எங்க போற?"

"அவகிட்ட சொல்லிடுறேன்."

"சொன்னா திட்டுவா."

"திட்டட்டும்."

வீட்டு வாசலில் ஸ்கூட்டரை நிறுத்தியபோது மணி பன்னிரண்டு ஐந்து. முத்துமாரி தரையில் உட்கார்ந்து, இரண்டு முழங்காலுக்கும் நடுவில் அப்பரை இறுக்கிப் பிடித்துத் தைத்துக்கொண்டிருந்தாள். நூல் அறுக்காமல் இருக்க விரல்களில் சைக்கிள் டியூப் துண்டு சுற்றியிருந்தது. ஒரே நூலின் இரண்டு முனையிலும் ஊசி. இரண்டும் ஒரே துளையில் எதிரெதிராக நுழைந்து வெளியே வரும், இரண்டு கையும் விரிந்து நூலை இழுக்கும். சுவரோரக் கட்டிலில் மாமியார் படுத்திருந்தாள். மேலே ஃபேன் கிறீச்சிட்டபடி சுற்றியது.

புஷ்ரா எதையும் மழுப்பவில்லை. நடந்ததை நடந்தபடியே சொன்னாள். முத்துமாரியின் கை நின்றது.

"மூஞ்சி வராதுன்னு சொன்னீங்க."

"மூஞ்சி வரல."

"கை வந்தா பத்தாதா? நீங்களும் இந்த ஊர்தானேக்கா? அமெரிக்காவுலயிருந்தா வந்தீங்க? மருதாணி வெச்ச கையும் இதுவும் ஒண்ணுன்னு நெனச்சிட்டீங்களா?"

முத்துமாரி டியூப் சுற்றிய இடது கையை அவள் முகத்துக்கு நேரே நீட்டினாள்.

"எனக்கு வேணும். உங்களுக்குத் தெரியும்னு நெனச்சேன் பாருங்க, என்ன சொல்லணும்."

"எடுத்துடுறேன் முத்து. மொத்தமா எடுத்துடுறேன்."

முத்துமாரி ஊசியைத் தோலில் குத்தி நிறுத்தினாள். கட்டில் பக்கம் ஒரு தடவை பார்த்தாள். குரல் இறங்கியது.

"எடுக்கவும் வேணாம். சொல்லணும்க்கா. எந்த ரிஜிஸ்டர்லயும் எங்க பேரு இல்ல. ஊசி கண்ணுல பட்டாக்கூட கேக்க ஆளில்ல. நாங்க தைக்கிறோம்னு யாராவது சொல்லணும். ஆனா சொன்னது நான்னு இருக்கக் கூடாது. இது நின்னுபோனா, இந்தக் கெழவிய விட்டுட்டு நான் எங்க போய் வேல செய்றது?"

"சரி. எப்படின்னு பார்ப்போம்" என்று புஷ்ரா லேப்டாப்பை மடியில் திறந்து, அந்த நான்கு நிமிடத்தை எடுத்தாள். வாசலில் பைக் சத்தம் கேட்டு அடங்கியது. முத்துமாரி வாசலை எட்டிப் பார்த்தாள்.

"ஏஜென்ட் அண்ணன். நாளைக்குத்தான் வரணும் அவரு."

லேப்டாப்பை மூட நேரமில்லை. ஜெயப்பிரகாஷ் உள்ளே வந்து பிளாஸ்டிக் நாற்காலியை ஃபேனுக்கு நேராக இழுத்துப்போட்டு உட்கார்ந்தார். நாற்பத்தைந்து வயது இருக்கும். கையில் காலிக் கோணிப்பை.

"லோடு இன்னிக்கே போவுதாம் முத்து, முடிஞ்ச வரைக்கும் குடு. இன்னா, விருந்தாளியா?"

"கல்யாண வீடியோ எடுக்கிற அக்காண்ணா" என்றாள் முத்துமாரி.

"அப்டியா! என் பொண்ணுக்கும் ஆவணில வெச்சிருக்கேன். எங்க, போடுங்க மேடம், எப்படி எடுப்பீங்கன்னு பாக்கலாம்." நாற்காலியிலிருந்து முன்னால் சாய்ந்து லேப்டாப்பின் விளிம்பைப் பிடித்துத் தன் பக்கம் திருப்பப் போனார்.

புஷ்ரா திரையின் மேல் உள்ளங்கையை வைத்துப் பாதி மூடினாள்.

"இது லேடீஸ் பக்கத்து வீடியோ சார். ஆம்பளைங்களுக்குக் காட்டுறதில்ல. வாக்குக் குடுத்திருக்கேன்."

சொன்னதில் ஒரு சொல்லும் பொய்யில்லை.

ஜெயப்பிரகாஷ் சுட்டதுபோலக் கையை எடுத்துக்கொண்டார். "ஐயோ, தப்பா எடுத்துக்காதீங்க மேடம். நியாயம்தான். தொழில்னா இப்படித்தான் இருக்கணும். நம்பர் மட்டும் முத்துகிட்ட குடுத்துட்டுப் போங்க."

பிறகு கட்டிவைத்திருந்த அப்பர்களைப் பிரித்து ஒவ்வொன்றாக எடுத்தார். கட்டோடு இருந்த சீட்டைப் பார்க்கவில்லை. கட்டைவிரலால் தையலை ஒரு தடவு தடவினார், அவ்வளவுதான்.

"இது உன்னுது. இது உன்னுது. இது... எதிர் வீட்டு சவுரியம்மாள் தைச்சது. உன் கட்டுல எப்படி வந்துச்சு?"

"அவங்க வீட்ல வெளிச்சம் கம்மிண்ணா, இங்க வந்து ஒக்காந்து தைச்சாங்க. கலந்துடுச்சு."

"கலந்தா எனக்குத் தெரியாதா? ஒரு தையல் போதும்." பையில் போட்டுக்கொண்டு எழுந்தவர் மேலே பார்த்தார். "இந்த ஃபேனுக்கு ரெண்டு சொட்டு எண்ண விடக் கூடாதா? ஒரே பேஜார். கண்ண மூடிட்டு வந்தாக்கூட உன் வீடுன்னு தெரிஞ்சிடுது."

பைக் தெருமுனை திரும்பும் வரை புஷ்ரா திரையின் மேல் வைத்த கையை எடுக்கவில்லை.

"ஒரு தையல் போதுமாம்" என்றாள் முத்துமாரி.

"கையே வேணாம்" என்றாள் புஷ்ரா. "நாலு நிமிஷமும் திரை இருட்டா இருக்கட்டும். நீ தைக்கிற சத்தம் மட்டும் வரட்டும்."

"இருட்ட யாருக்கா பாப்பாங்க?"

"கேப்பாங்க."

முன்பு எடுத்த சத்தத்தை ஹெட்ஃபோனில் போட்டு அவள் காதில் வைத்தாள். முத்துமாரி கேட்டுக்கொண்டே இருந்தாள். பிறகு விரலை மேலே நீட்டினாள்.

"இதுல எங்க ஃபேன் இருக்கு."

இருந்தது. ஒவ்வொரு சுற்றுக்கும் ஒரு கிறீச். புஷ்ராவின் காது அதைப் பழகிவிட்டிருந்தது. ஜெயப்பிரகாஷ் இரண்டாவது கிறீச்சிலேயே தலையைத் திருப்பியிருப்பார்.

மணி ஒன்று இருபது. ஃபேனை நிறுத்தினார்கள். கதவைச் சாத்தினார்கள். உடனே வீடு கொதித்தது.

"அத்தே, அஞ்சு நிமிஷம் வாயத் தொறக்காத."

"சாவப்போறவ வாய மூடுறதுக்கு உன்னக் கேக்கணுமா? ஃபேனப் போடுடி."

"அஞ்சே நிமிஷம்."

மாமியார் சுவர்ப் பக்கம் திரும்பிப் படுத்துக்கொண்டாள். புஷ்ரா மைக்கை முத்துமாரியின் முழங்காலுக்கு ஒரு சாண் தள்ளிப் பிடித்தாள். முதல் தடவை தெருவில் காய்கறி வண்டி மைக்கில் கூவிக்கொண்டு போனது. இரண்டாம் தடவை இருமல். மூன்றாம் தடவை எதுவும் குறுக்கே வரவில்லை. தோலில் ஊசிகள் ஏறும் சின்ன ஓசை, பக்கத்துப் பக்கத்தில் இரண்டு. அடுத்து மெழுகு தடவிய நூல் உரசிக்கொண்டே போகும் நீண்ட இழுப்பு. கடைசியில் முஷ்டியில் சுற்றி இறுக்கும்போது தோல் முனகுவது. மறுபடி இரண்டு. வியர்வை புஷ்ராவின் கண்ணில் இறங்கியது. துடைத்தால் துணி உரசும் என்று அப்படியே விட்டாள்.

முடித்ததும் பையிலிருந்து பழைய கார்டை எடுத்து முத்துமாரியிடம் நீட்டினாள்.

"இதுல உன் கை இருக்கு. நீயே வெச்சிக்க."

"காப்பி?"

"என் கம்ப்யூட்டர்ல இருக்கு. இந்த லேப்டாப்ல இருக்கு. ரயிலுக்குப் போறதுக்குள்ள அழிச்சிடுவேன்."

"நம்பலாமா?"

"நம்பாத. வீடியோ கால் போடுறேன், நீயே பாரு."

வீட்டுக்கு வந்து உட்கார்ந்தபோது இரண்டே கால். கைகள் இருந்த இடத்தை எடுத்துவிட்டுக் கறுப்பை வைத்தாள். புதுச் சத்தத்தை அதன் கீழே போட்டாள். கறுப்பின் தொடக்கத்தில் நாலு வரி எழுத வேண்டும். 'அடையாளம் மறைக்கப்பட்டுள்ளது' என்று எழுதினாள். போலீஸ் நோட்டீஸ் மாதிரி இருந்தது, அழித்தாள். பிறகு எழுதியது நின்றது:

இந்த ஷூவின் மேல்பாகம் ஒரு வீட்டில் தைக்கப்படுகிறது.
தைக்கும் கைகளைக் காட்டினால், அவை யாருடையவை என்று இந்த ஊரில் தெரிந்துவிடும்.
தெரிந்தால் அவருக்கு வேலை இருக்காது.
அதனால் கேளுங்கள்.

"பாபி, வந்து கேளு. யாருன்னு சொல்லு."

அஃப்ஸர் ஜஹான் ஹெட்ஃபோனை மாட்டிக்கொண்டு கண்ணை மூடினாள். நான்கு நிமிடமும் கேட்டாள். புஷ்ரா அவள் உதட்டையே பார்த்துக்கொண்டிருந்தாள்.

"தெரியல" என்றாள் கடைசியில். "லெஃப்டா ரைட்டான்னும் தெரியல. எந்த வீடுன்னும் தெரியல. ஆனா ஒழுங்காத் தைக்கிறவ. என் மேசைக்கு வந்தா திருப்பி அனுப்ப மாட்டேன்."

மூன்று ஐந்துக்குப் படத்தை முழு ஃபைலாக மாற்றப் போட்டாள். நாற்பத்தொரு நிமிடம் என்றது கம்ப்யூட்டர். கரண்ட் போனால் யுபிஎஸ் ஐந்து நிமிடம்கூடத் தாங்காது. நீலக் கோடு ஊர்ந்தது. இடையில் முத்துமாரிக்கு வீடியோ கால் போட்டு போனைத் திரைக்கு நேராகப் பிடித்தாள். கைகள் இருந்த ஃபைல்கள் ஒவ்வொன்றாகப் போயின. பிறகு லேப்டாப், பிறகு குப்பைத் தொட்டியில் விழுந்தவை. முத்துமாரி ஊசியைப் பல்லில் கடித்தபடி பார்த்தாள்.

"அவ்ளோதானா?"

"அவ்ளோதான்."

"சரி, வைங்க. வேல கெடக்கு."

மூன்று ஐம்பதுக்குக் கோடு நிரம்பியது. டிஸ்கில் ஏற்ற இன்னும் பத்து நிமிடம். புஷ்ரா பிளாட்பாரத்தில் கால் வைத்தபோது மணி நாலு பதினேழு. ரயில் தூரத்தில் தெரிந்தது.

டேனியல் நாலாவது பெட்டியின் ஜன்னலில் கையை ஆட்டிக்கொண்டிருந்தார். சங்கத்தில் தலை நரைத்தவர். நாளைய கூட்டத்தை ஏற்பாடு செய்தவர் அவர்தான்.

"குடும்மா. கைங்க தைக்கிற ஷாட் இருக்குல்ல? நாளைக்கு நான் அத நம்பித்தான் பேசப் போறேன்."

"கை இல்ல சார்."

"இன்னா?"

"கை இல்ல. சத்தம் இருக்கு. நாலு நிமிஷம் திரை இருட்டா இருக்கும்."

டேனியல் எழுந்து ஜன்னலில் முகத்தை ஒட்டினார். "வெளையாடுறியா புஷ்ரா? இருட்டக் காட்டினா, எல்லாம் உள்ளதான் தைக்கிறோம்னு சொல்லிட்டுப் போய்டுவாங்க. பழைய காப்பியக் குடு. யார்னு யாருக்கும் தெரியாது."

"எங்க பாபி பத்து செகண்ட்ல சொல்லிட்டாங்க. ஏஜென்ட்டுக்கு ஒரு தையல் போதுமாம். பழசு இல்ல சார். அழிச்சாச்சு."

அவர் அவளையே பார்த்தார். ரயில் ஊதியது.

"சரி, இதையாவது குடு."

புஷ்ரா டிஸ்கைக் கம்பிகளுக்கு நடுவே நீட்டினாள். அவர் ஒரு முனையைப் பிடித்தார். அவள் மறுமுனையை விடவில்லை.

"அந்த இடம் வரும்போது ஹால்ல ஒரு லைட்கூட எரியக் கூடாது. வேகமா ஓட்டி விடக் கூடாது. நாலு நிமிஷமும் முழுசா ஓடணும்."

"சரி."

"யாராவது பேசினா?"

"பேச விடமாட்டேன்."

வண்டி அசைந்தது. புஷ்ரா கூடவே நடந்தாள். நடை ஓட்டமாயிற்று.

"லைட்டு?"

"அணைக்கிறேன்மா! நானே போய் சுவிட்ச்சுகிட்ட நிக்கிறேன், விடு!"

அவள் விரல்களை விரித்தாள். டிஸ்க் கம்பிகளுக்குள்ளே அவர் கைக்குப் போனது.